கேட்காமல் எடுத்த மனை

2006-ஆம் ஆண்டு மார்ச் 19, ஞாயிற்றுக்கிழமை காலை, நகராட்சித் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் இருக்கும் தெருவின் கடைசி மனையில், ஒரு வெல்டிங் பட்டறைக்காரர் ஆறு இரும்புத் தூண்களை ஊன்றி மேலே தகரம் போட்டார். மனை ஒரு பல் டாக்டருடையது. டாக்டர் வேறு ஊரில் இருந்தார்.

பதினான்கு வருடம் கழித்து, மனையை விற்க நினைத்தபோதுதான் டாக்டருக்கு அதன் மேல் ஒரு பட்டறை நிற்பது தெரிந்தது. காலி செய்யச் சொல்லி வழக்குப் போட்டார். கோர்ட் நோட்டீஸ் வந்த அன்று பட்டறைக்காரரின் மனைவி ஒரு கேட்டுக்குச் சிவப்பு பிரைமர் அடித்துக்கொண்டிருந்தாள். வளைப்பதும் ஒட்டுவதும் அவர் வேலை. தேய்ப்பதும் பெயின்ட் அடிப்பதும், சொன்ன நாளில் கேட்டைக் கொண்டுபோய்ச் சேர்ப்பதும் அவள் வேலை. இந்தப் பட்டறை போனால் அடுத்தது எங்கே என்று அவள் அன்றைக்கே யோசித்துப் பார்த்துவிட்டாள். கிரைண்டர் சத்தத்தைப் பொறுத்துக்கொண்டு இடம் விடுகிற புண்ணியவான் அந்த ஊரில் யாரும் இல்லை.

வக்கீல் சின்ன வயதுப் பெண். அறையில் இரண்டு நாற்காலிதான். பட்டறைக்காரரும் மனைவியும் உட்கார, கூட வந்த மனைவியின் தம்பி கதவில் சாய்ந்துகொண்டான். வேன் ஓட்டுகிறவன். வாய் சும்மா இருக்காது.

வக்கீல் காகிதங்களைப் புரட்டினாள். மின் இணைப்பு பட்டறைக்காரர் பெயரில். வரி ரசீதுகள் அவர் பெயரில். பட்டறை திறந்த அன்று எடுத்த போட்டோவில் மூலையில் தேதி விழுந்திருந்தது. அவள் முகம் மலர்ந்துவிட்டது.

"முக்கால்வாசி ஜெயிச்ச மாதிரிதான். பன்னிரண்டு வருஷம் ஒருத்தர் இடத்தை இன்னொருத்தர் வெளிப்படையா, விடாம, சொந்தக்காரரை லட்சியமே பண்ணாம வச்சிருந்தா, அதுக்கப்புறம் சொந்தக்காரர் வந்து கேட்க முடியாது. கெடு தாண்டிடுச்சு. இதுக்கு எதிரிடை அனுபவம்னு பேரு. உங்க விஷயத்துல ரெண்டு வருஷம் கூடவே ஓடியிருக்கு."

"லட்சியம் பண்ணாமன்னா?" என்றார் பட்டறைக்காரர்.

மனைவி திரும்பி அவரைப் பார்த்தாள். இத்தனை நல்ல சேதியில் இவர் பிடித்துக்கொண்டது அந்த ஒரு சொல்லை.

"அதாவது அவர்கிட்ட கேட்காம. அதுதான் இதுல உயிர். அவர் சம்மதத்தோட இருந்தீங்கன்னா நீங்க விருந்தாளி மாதிரி. விருந்தாளி எத்தனை வருஷம் தங்கினாலும் வீடு அவருக்குச் சொந்தமாகாது, கணக்கே ஓடாது. நீங்க டாக்டர்கிட்ட அனுமதி எதுவும் கேட்கலையே?"

இல்லை என்று சொன்னால் முடிந்தது.

"கேட்டேன் மேடம்."

"எப்ப கேட்டீங்க?" என்றாள் மனைவி.

"கேட்ட மாதிரிதான்."

வக்கீல் பேனாவை மூடி வைத்தாள். "கேட்ட மாதிரின்னா? போன்லயா? நேர்லயா?"

"மனசால கேட்டுக்கிட்டுத்தான் தூணே ஊன்றினேன். அடுத்தவர் இடம் இல்லையா?"

"ஓ. அவர் மனசால என்ன சொன்னார்?"

கதவோரம் தம்பி வாயைப் பொத்திக்கொண்டு வெளியே போனான்.

உண்மையில் பட்டறைக்காரர் டாக்டரைப் பார்த்ததே இல்லை. மனையில் ஒரு தகரப் பலகை நின்றது. அதில் டாக்டரின் பெயரும், அத்துமீறி நுழையக் கூடாது என்ற எச்சரிக்கையும் இருந்தன. புதர் மண்டி, நாய்கள் படுத்துக் கிடந்த மனை. ஒரு மாதம் பார்த்தார், யாரும் வரவில்லை, தூணை ஊன்றிவிட்டார். மனைவிக்கு அன்றே தெரியும். தெரிந்துதான் அவளும் தகரத்தைப் பிடித்துக் கொடுத்தாள்.

ஆனால் அவர் சாதாரண ஆள் இல்லை. தெருச் சங்கத்துக்குத் தலைவர். குழாயடிச் சண்டை, சாக்கடை அடைப்பு, வாடகைத் தகராறு எது வந்தாலும் அவரிடம்தான் வருவார்கள். எல்லாரும் கூப்பிடுவதும் தலைவரே என்றுதான். அடுத்தவன் வாசலில் ஒரு செங்கல் வைத்தாலும் கூப்பிட்டுக் கேட்கிறவர், தானே ஒரு மனையை வளைத்துப் போட்டார் என்று இருக்க முடியாது. அதனால் தூண் ஊன்றிய அன்றே, எதிர் சலூனில் முகத்தில் நுரையோடு உட்கார்ந்தபடி, "டாக்டர்கிட்ட பேசிட்டேன். தாராளமா வச்சுக்கோங்கன்னுட்டார்" என்று ஒரு வார்த்தை விட்டார்.

அந்த வார்த்தை வளர்ந்தது. ஒரு வருடத்தில் டாக்டர் கையைப் பிடித்துக்கொண்டார். மூன்றாம் வருடம், உங்களை மாதிரி ஒரு மனுஷர் இருந்தால் எனக்கு நிம்மதி என்றார். பிறகு ஒரு கல்யாண வீட்டில் மனைவி பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போதே, டாக்டர் அவருக்குப் பல்லைப் பார்த்துவிட்டு, உங்க வயசுக்கு இது அதிசயம் என்று சொன்னதாகவும் ஒரு பகுதி சேர்ந்தது. அவள் தலையைக் குனிந்து சாப்பிட்டாள். வீண் பெருமைதானே, யாருக்கு என்ன நஷ்டம் என்று விட்டுவிட்டாள்.

"அந்தப் பலகை என்ன ஆச்சு?" என்று கேட்டாள் வக்கீல்.

"பட்டறைக்குள்ள பத்திரமா இருக்கு."

"பிடுங்கி எறிஞ்சதா சொல்லலாமா? சொந்தக்காரர் பலகையைப் பிடுங்கினது நமக்கு ரொம்ப நல்லது."

"எறியறதா? சாய்ஞ்சு கிடந்துச்சு மேடம். நான்தான் துடைச்சு எடுத்து வச்சேன்."

"ஐயா, தயவு செஞ்சு துடைக்காதீங்க!" என்றாள் வக்கீல். "நீங்க நல்லவரா இருக்க இருக்க எனக்குக் கேஸ் கெட்டுப் போகுது."

பதில் மனு தயாரானது. யாருடைய அனுமதியும் இன்றி, சொந்தக்காரரின் உரிமையை மறுத்து, பகிரங்கமாக அனுபவித்து வருகிறேன் என்று அதில் இருந்தது. வக்கீல் வாசித்துக் காட்டியபோது பட்டறைக்காரர் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அறையில் தெருக்காரர்கள் யாரும் இல்லை. கையெழுத்துப் போட்டார்.

சாட்சிக்கு யாரைப் போடுவது என்பதில் அடுத்த தலைவலி வந்தது. பட்டறை இத்தனை வருடமாக நடக்கிறது என்று சொல்ல எதிர் சலூன்காரரை விட்டால் ஆள் இல்லை. மனைவியே போய்க் கேட்டாள்.

"இதைக் கேட்கணுமாம்மா? தலைவருக்காக வராம வேற யாருக்காக வருவேன்? முதல் தூண் ஊன்றினதுலேர்ந்து பார்த்தவன் நான்."

"அதை மட்டும் சொன்னா போதும்ணே."

"அது மட்டுமா? டாக்டர் இவர் கையைப் பிடிச்சுக்கிட்டு வச்சுக்கோங்கன்னு சொன்னதையும் அடிச்சுச் சொல்றேன். எங்க வேணும்னாலும் சத்தியம் பண்றேன்."

"ஐயோ, அதைச் சொல்லக் கூடாதுண்ணே."

"ஏன்?"

"டாக்டர் அப்படிச் சொல்லலை."

கத்தரிக்கோல் நின்றது. நாற்காலியில் பாதித் தலையோடு இருந்த ஆள் கண்ணாடி வழியாக அவளைப் பார்த்தார்.

"என்னம்மா சொல்ற? அவர் பொய் சொன்னாருங்கறியா? தலைவரா?" என்றார் சலூன்காரர். "வீட்டுல ஏதாவது சண்டையா?"

அவள் படியிறங்கி வந்துவிட்டாள். விஷயத்தைக் கேட்ட வக்கீல் சலூன்காரரின் பெயரை அடித்துவிட்டாள். "இவர் நமக்கு உதவி பண்ண வந்தா நாம நடுத்தெருவுலதான் நிக்கணும். ரசீதே போதும். கூண்டுல உங்க வீட்டுக்காரர் ஒரே ஒரு வார்த்தை சொல்லட்டும், கேட்கலைன்னு. அதைப் பழக்கி விடுங்க."

பழக்கினார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் தம்பி மழைக்கோட்டை மாட்டிக்கொண்டு எதிர்க்கட்சி வக்கீலானான். பட்டறைக்காரர் சாப்பாட்டு மேசைக்குப் பின்னால் நின்றார்.

"சொல்லுங்க தலைவரே. டாக்டர்கிட்ட அனுமதி வாங்கினீங்களா?"

"டாக்டர் அப்ப ஊர்ல இல்லை."

"மாமா, ஊர்ல இருந்தாரான்னா கேட்டேன்? வாங்கினீங்களா இல்லையா?"

"வாங்கற சந்தர்ப்பம் அமையலை."

"இல்லைன்னு சொல்லுங்க. மூணு எழுத்து. இல்லை. எங்கே?"

"இல்லை. ஆனா..."

"ஆனா போடாதீங்க மாமா! ஆனா போட்டா வீட்டுக்குப் போகலாம். பட்டறைக்குப் போக முடியாது."

"உனக்கென்னடா, நீ வேன்ல ஏறிப் போயிடுவ. நாளைக்குத் தெருவுல நடக்கறவன் நான். திருட்டுத்தனமா இடத்தைப் பிடிச்சவன்னு என் வாயாலயே சொல்லணுமா?"

"திருட்டுத்தனமா இல்லைங்க," என்றாள் மனைவி. "திருட்டுத்தனமா இருந்தாத்தான் தோத்துடுவோம். பட்டப்பகல்ல, எல்லார் கண்ணுக்கு முன்னாடி பிடிச்சோம்னு சொல்லணும். அதுதான் சட்டம்."

"பட்டப்பகல்ல பிடிச்சா அது கொள்ளை."

"சரி, கொள்ளைக்காரர்னே வச்சுக்கோங்க. அந்தக் கொள்ளையிலதான் இத்தனை வருஷம் சோறு தின்னோம். அன்னைக்கு நானும்தானே தகரம் பிடிச்சேன்? எனக்குச் சொல்ல வெட்கமில்லை. உங்களுக்கு என்ன?"

அவர் அன்று மாலைக்குள் இரண்டு முறை ஆனா இல்லாமல் சொன்னார். தம்பி மழைக்கோட்டைக் கழற்றும்போது வேர்த்து நனைந்திருந்தான்.

கோர்ட் ஹால் சின்னது. சுவரோரம் கட்டுக்கட்டாகக் காகிதம், சுற்றாத ஒரு மின்விசிறி, சுற்றும் ஒரு மின்விசிறி. சுற்றுவதற்குக் கீழே தெருக்காரர்கள் ஒரு பெஞ்சு முழுக்க உட்கார்ந்திருந்தார்கள். சாட்சிக்குக் கூப்பிடவில்லை என்ற மனத்தாங்கலோடு சலூன்காரர் நடுவில். மனைவி நேரே அவர்களிடம் போனாள். யார் கூப்பிட்டது என்று கேட்டாள். "தலைவர் கேஸுக்கு வராம இருப்போமா?" என்றார்கள்.

முதலில் டாக்டர் ஏறினார். மெலிந்த, வயதான மனிதர். கூண்டின் கட்டையில் தூசி இருக்கிறதா என்று விரலால் பார்த்துவிட்டுக் கையை வைத்தார். பட்டறைக்காரரின் வக்கீல் எழுந்து ஒரே கேள்விதான் கேட்டாள். "பிரதிவாதிக்கு நீங்க எப்பவாவது அனுமதி கொடுத்தீங்களா?"

டாக்டருடைய வக்கீல் இருமினார். வயதானவர், சட்டம் தெரிந்தவர். கொடுத்தேன் என்று ஒரு சொல் சொன்னால் டாக்டர் வென்றுவிடுவார். அந்த இருமலுக்கு அதுதான் அர்த்தம்.

"இந்த மனுஷரை இன்னைக்குத்தான் முதல்ல பார்க்கறேன்," என்றார் டாக்டர். "நான் யாருக்கும் அனுமதி கொடுக்கலை."

"உங்க வீட்ல வேற யாராவது கொடுத்திருக்கலாமில்லையா?" என்று அவருடைய வக்கீலே எழுந்து எடுத்துக் கொடுத்தார்.

"எங்க வீட்ல வேற யாருமே இல்லை. உங்ககிட்ட முன்னாடியே சொன்னேனே." டாக்டரும் எரிச்சலில்தான் இருந்தார். "என் இடத்துல வந்து ஒருத்தர் உட்கார்ந்துக்கிட்டார். நான் ஏன் அவருக்கு அனுமதி கொடுத்தேன்னு சொல்லணும்?"

மனைவிக்கு மூச்சு வந்தது. எதிர்க்கட்சிக்காரர் வாயாலேயே வந்துவிட்டது. வக்கீல் அவளைப் பார்த்துக் கண்ணை மூடித் திறந்தாள். இனி இவர் ஒரு வார்த்தை சொன்னால் போதும்.

பட்டறைக்காரர் சட்டையை இழுத்து விட்டுக்கொண்டு ஏறினார். தூண் ஊன்றிய தேதி சொன்னார். ரசீதுகளை அடையாளம் காட்டினார். அனுமதி வாங்கினீர்களா என்று அவருடைய வக்கீல் கேட்டபோது, இல்லை என்றார், சன்னமாக, தரையைப் பார்த்து. நீதிபதி கொஞ்சம் சத்தமாகச் சொல்லச் சொன்னார். "இல்லைங்கய்யா." பின்னால் ஆனா வரவில்லை. பெஞ்சில் மட்டும் ஏதோ சலசலப்பு.

பிறகு டாக்டருடைய வக்கீல் எழுந்தார். கையில் துருப்புச் சீட்டு எதுவும் இல்லாதவர் போலத்தான் எழுந்தார். அவமானப்படுத்தி இறக்கிவிடுவோம் என்றுதான் கேட்டார் என்று பிற்பாடு வக்கீல் சொன்னாள்.

"உங்க தெருவுல நீங்க சங்கத் தலைவராமே?"

"ஆமாங்க."

"இதோ பெஞ்சுல இருக்கறவங்கல்லாம் உங்க தெருக்காரங்க?"

"ஆமாங்க."

"அவங்களுக்கு ஒரு தகராறுன்னா நியாயம் சொல்றவர் நீங்க. அந்த நீங்க, அடுத்தவர் மனையில, கேட்காமக் கொள்ளாம, கூச்ச நாச்சமில்லாம நுழைஞ்சு உட்கார்ந்தவர். நான் சொல்றது சரிதானே?"

சரிதான் என்று சொல்ல வேண்டும். மனைவி தன்னையறியாமல் உதட்டை அசைத்தாள், சரிதான், சரிதான் என்று. பட்டறைக்காரர் அவளைப் பார்க்கவில்லை. பெஞ்சைப் பார்த்தார். சலூன்காரர் முன்னால் சாய்ந்து, சொல்லுங்க தலைவரே என்பது போலத் தலையை ஆட்டினார்.

"தப்புங்க," என்றார் பட்டறைக்காரர். குரல் இப்போது நன்றாகவே வந்தது. "நான் கேட்டுட்டுத்தான் நுழைஞ்சேன். டாக்டர்தான் வச்சுக்கோங்கன்னு சொன்னார். தெருவுல யாரை வேணும்னாலும் கேளுங்க."

அவருடைய வக்கீல் மேசையைப் பிடித்துக்கொண்டாள். டாக்டருடைய வக்கீலுக்கே அந்தப் பதிலை நம்ப ஒரு நொடி ஆனது. "இன்னொரு தரம் சொல்லுங்க," என்றார் மெதுவாக.

"டாக்டர் அனுமதி கொடுத்துத்தான் இருக்கேன்."

"சுத்தப் பொய்!" என்று டாக்டர் எழுந்துவிட்டார். "நான் இவரைப் பார்த்ததே கிடையாது!"

"உட்காருங்க, உட்காருங்க," என்று அவருடைய வக்கீல் அவர் சட்டையைப் பிடித்து இழுத்தார். "அவர் உங்களுக்கு நல்லதுதான் சொல்றார்."

"எனக்கு நல்லதுன்னா பொய் நிஜமாயிடுமா?"

நீதிபதி இருவரையும் அடக்கிவிட்டு, தட்டச்சுக்காரரிடம் பதிலை ஒரு சொல் விடாமல் சொன்னார். வக்கீல் மறுபடி எழுந்து அதைச் சரிக்கட்டப் பார்த்தாள். மனுவில் வேறு மாதிரி இருக்கிறதே, எது உண்மை என்றாள். பெஞ்சு இன்னும் அங்கேதான் இருந்தது. கூண்டில் சொன்னதுதான் உண்மை என்றார் அவர்.

மதியம் மனைவி கூண்டில் ஏறினாள். வக்கீல் வேண்டாம் என்றுதான் சொன்னாள். கேட்கவில்லை.

"என் வீட்டுக்காரர் டாக்டரைப் பார்த்ததில்லைங்கய்யா. அனுமதி கேட்கலை. நாங்களா எடுத்துக்கிட்டோம். அன்னைக்கு நான் கூட இருந்தேன்."

"அப்போ உங்க கணவர் பொய் சாட்சி சொல்றாரா?" என்றார் நீதிபதி.

"ஆமாங்கய்யா."

"எதுக்கு? இந்தப் பொய்யால அவருக்குத்தானே நஷ்டம்?"

அதற்குப் பதில் அவளிடம் இருந்தது. சலூன், கல்யாண வீடு, பல் அதிசயம் எல்லாவற்றையும் சொன்னால்தான் புரியும். அவள் பெஞ்சைக் காட்டி, "இவங்களுக்காக" என்றாள். நீதிபதி பெஞ்சைப் பார்த்தார். பெஞ்சு நீதிபதியைப் பார்த்தது.

தீர்ப்பு இரண்டு வாரத்தில் வந்தது. அனுமதியுடன் இருந்ததாகப் பிரதிவாதியே கூண்டில் ஒப்புக்கொண்டிருப்பதால் எதிரிடை அனுபவம் என்ற வாதம் நிற்காது. மனைவியின் சாட்சியம் சொத்தைக் காப்பாற்றும் நோக்கத்தில் சொல்லப்பட்டது. வாதி அனுமதியை மறுப்பது இந்த முடிவை மாற்றாது. மூன்று மாதத்தில் காலி செய்ய வேண்டும்.

தெருவே வந்து துக்கம் விசாரித்தது. டாக்டர் கையைப் பிடித்துச் சொன்ன வாக்கை மீறிவிட்டார் என்று சலூனில் பேசினார்கள். படித்தவன் இப்படி வாய் மாறலாமா என்றார்கள். பட்டறைக்காரர் யாரையும் குறை சொல்லவில்லை. "விடுங்க, அவருக்கும் ஏதோ நெருக்கடி" என்றார். அதைக் கேட்டு அவர் மேல் மரியாதை இன்னும் கூடியது. மனைவியிடம் மட்டும் பெண்கள் இரண்டொருவர் பேச்சைக் குறைத்துக்கொண்டார்கள். புருஷனைக் கோர்ட்டில் பொய்யன் என்றவள்.

"மேல்முறையீட்டுக்கு முப்பது நாள் கெடு இருக்கு," என்றாள் வக்கீல். "வழி இல்லாம இல்லை. தன் இடத்துல இவரை அனுமதிக்கலைன்னு டாக்டரே சத்தியம் பண்ணியிருக்கார், அதைப் பிடிச்சுக்கலாம். ஆனா இவர் ஒரு பிரமாணப் பத்திரம் கொடுக்கணும். பேரு கெட்டுப் போயிடும்னு பயந்து கூண்டுல தப்பாச் சொல்லிட்டேன், அனுமதி வாங்கினதே இல்லைன்னு. கையெழுத்து வேணும், அவ்வளவுதான்."

காகிதத்தை மனைவிதான் வீட்டுக்குக் கொண்டுவந்தாள். அவர் இரண்டு முறை படித்தார்.

"பயந்துன்னு போட்டிருக்கே."

"அந்த வார்த்தையை எடுத்துடச் சொல்றேன்."

"தப்பாச் சொல்லிட்டேன்னும் இருக்கு."

"அதையும் எடுத்துட்டா காகிதத்துல என்னங்க மிச்சம் இருக்கும்?"

"யோசிக்கறேன்," என்றார். யோசித்தார். ஒரு வாரம் காகிதம் மேசையில் இருந்தது. அடுத்த வாரம் அதன் மேல் ஒரு ஜன்னல் கிரில்லின் அளவை எழுதி வைத்தார். அவள் வேறு பிரதி வாங்கி வந்தாள். தம்பி வந்து கெஞ்சினான், கத்தினான், கடைசியில் காலில் விழுகிறேன் மாமா என்று உண்மையாகவே விழுந்தான். "எழுந்திருடா, யாராவது பார்க்கப் போறாங்க" என்றார் பட்டறைக்காரர். அவள் பேனாவை அவர் விரலுக்குள் திணித்தாள். அவர் பேனாவைப் பார்த்தபடி இருந்தார்.

"இத்தனை பேர் முன்னாடி சத்தியம் பண்ணிச் சொன்னதை இப்ப இல்லைன்னு சொன்னா என்னை யார் மதிப்பா?"

"நான் மதிக்கறேங்க. போதாதா?"

பேனாவை மூடி வைத்தார்.

கெடு ஒரு செவ்வாய்க்கிழமை முடிந்தது. மேல்முறையீடு தாக்கலாகவில்லை. தீர்ப்பில் சொன்ன மூன்று மாதம் கழிந்ததும் கோர்ட் அமீனா வந்து, மனையை டாக்டரின் ஆளிடம் ஒப்படைத்துக் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். அதே மாதம் தெருச் சங்கத்துக்குத் தேர்தல் நடந்தது. தலைவர் பதவிக்குப் போட்டி இல்லை. மனைவி பக்கத்து ஊரில் இருக்கும் வேறொருவருடைய பட்டறையில் பெயின்ட் வேலைக்குச் சேர்ந்தாள்.